ஓய்வுபெற்ற சாலைப் பந்தய மிதிவண்டி வீரரின் முடிவுப் பட்டியலைப் படிப்பது எப்படி?

2009 டூர் டி பிரான்ஸ் பந்தயத்தின் இறுதிக் கட்டத்தில் (பல நாள் பந்தயத்தில் ஒரு நாள் ஓட்டம் ஒரு கட்டம்), பாரிசின் ஷான்ஸ் எலிசே சாலையில், மார்க் ரென்ஷா இரண்டாவதாக வந்தார். பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து, 2021-இல் கார்கசோன் நகரில் முடிந்த கட்டத்தில் மைக்கேல் மோர்கோவ் இரண்டாவதாக வந்தார். இருவருமே இப்போது ஓய்வுபெற்றுவிட்டார்கள். அவர்களுடைய முடிவுப் பட்டியலில் அந்த நாட்கள் ‘2’ என்ற ஒற்றை இலக்கமாகக் கிடக்கின்றன. விவரம் அறியாதவர் அவற்றை நூலிழையில் தவறிய வெற்றிகள் என்றே எடுத்துக்கொள்வார். ஆனால் அந்த இரண்டு நாளும் முதலில் வந்தவர் அவர்களுடைய அணித்தோழரான மார்க் காவெண்டிஷ். இறுதி நேரம் வரை அவருக்கு முன்னால் காற்றைக் கிழித்துக்கொண்டு சென்று, சரியான இடத்தில் அவரை விடுவித்தவர்கள் இவர்கள். அவர் பாய்ந்து முந்திய பிறகும் வேறு எவராலும் இவர்களைக்கூடத் தாண்ட முடியவில்லை என்பதுதான் அந்த ‘2’-இன் பொருள்.

முடிவுப் பட்டியல் ஒரே ஒரு கேள்விக்குத்தான் விடை சொல்கிறது: முடிவுக் கோட்டை யார் எத்தனையாவதாகக் கடந்தார்? அந்த வீரர் அன்று என்ன வேலைக்காகச் சம்பளம் பெற்றார் என்பதை அது சொல்வதில்லை. சாலைப் பந்தயம் அணியாக ஆடப்பட்டுத் தனியொருவர் பெயரில் பதிவாகும் விளையாட்டு. முன்னால் செல்பவரின் பின்னே ஒட்டிச் செல்பவருக்குக் காற்றின் தடை வெகுவாகக் குறைவதால், ஒருவர் தன் வலுவை இன்னொருவருக்காகச் செலவழிக்க முடிகிறது, அதற்காகவே அமர்த்தப்படவும் முடிகிறது. ஆகவே ஓய்வுபெற்ற ஒருவரின் பந்தய வாழ்வைப் புரிந்துகொள்ள விரும்புபவரும், அதைப் பற்றி ஒரு பக்கமேனும் எழுத விரும்புபவரும், பட்டியலின் ஒவ்வொரு வரியிலும் அந்த இரண்டாவது கேள்வியைத் தாமாகவே கேட்டுக்கொள்ள வேண்டும். கீழே சொல்வதெல்லாம் அதைக் கேட்கும் முறை பற்றியதே.

வெற்றிகளின் பக்கத்தை முதலில் திறக்காதீர்கள். எந்த ஆண்டு எந்த அணி என்ற பத்தியை ஒரு தாளில் எழுதிக்கொண்டு, ஒவ்வோர் ஆண்டுக்கும் எதிரில் அந்த அணியின் தலைவர் யார், அணி எதைக் குறிவைத்தது என்று குறித்துக்கொள்ளுங்கள். இந்த ஒரு வேலை பாதிப் புதிரை அவிழ்த்துவிடும். காவெண்டிஷையே எடுத்துக்கொள்வோம். 2011 டூரில் ஐந்து கட்டங்களை வென்று, புள்ளிகளில் முதல்வருக்கான பச்சை ஜெர்சியைப் பெற்றார். அதே ஆண்டு கோபன்ஹேகனில் உலக வாகையரானார். 2012 டூரில் மூன்று கட்டங்கள்தான். வேகம் குறைந்துவிட்டது என்று முடிவுகட்டுவதற்கு முன் அணிப் பத்தியைப் பாருங்கள்: 2011-இல் அவர் இருந்த அணி ஏறக்குறைய முழுவதுமாக அவருடைய ஸ்பிரின்டுக்காகவே, அதாவது கோட்டருகே பாயும் கடைசி அதிவேக ஓட்டத்துக்காகவே, அமைந்திருந்தது, அந்த ஆண்டின் இறுதியில் அது கலைக்கப்பட்டது. அடுத்து அவர் சேர்ந்த ஸ்கை அணியோ பிராட்லி விக்கின்ஸுக்கு, மொத்த நேரத்தில் முதல்வருக்கான மஞ்சள் ஜெர்சி வாங்கித்தரும் ஒரே நோக்கத்தோடு டூருக்கு வந்தது. வானவில் பட்டைகள் கொண்ட உலக வாகையர் சட்டையை அணிந்துகொண்டே காவெண்டிஷ் அணித்தோழர்களுக்குத் தண்ணீர்க் குப்பிகள் சுமந்தார். அந்த நிலையில் கிடைத்த மூன்று, முந்தைய ஆண்டின் ஐந்தைவிட எளிதானது என்று யாரும் சொல்ல முடியாது.

அணிப் பத்தியின் தொடக்கத்தில் ஒரு சிறு பொறி உண்டு. இளம் வீரர்கள் முதல் ஒப்பந்தத்துக்கு முன்பே, ஆகஸ்ட் மாதத்திலிருந்து, தொழில்முறை அணியொன்றில் பயிற்சி வீரராகச் சில பந்தயங்கள் ஓட்டுவதுண்டு. அந்த மாதங்களைத் தொழில்வாழ்வின் முதல் ஆண்டாக எண்ணிவிட்டால் பின்வரும் ஆண்டுக் கணக்குகள் எல்லாம் ஒன்று பிசகும்.

இதன் பிறகு பந்தயத்தின் தரத்தைப் பார்க்கலாம். பெயருக்கு அருகில் இருக்கும் குறியீட்டில் முதல் எண் 1 என்றால் ஒருநாள் பந்தயம், 2 என்றால் பல்கட்டப் பந்தயம். புள்ளிக்குப் பின் வருவது தரம்: வேர்ல்ட் டூர் என்பது உச்சம், அதற்கடுத்தது புரோ, பிறகு 1, பிறகு 2. ஆக ‘2.1’ என்பது மூன்றாம் படியிலுள்ள பல்கட்டப் பந்தயம். புரோ என்ற படி 2020-இல்தான் வந்தது. அதற்கு முன்பு அந்த இடத்தில் எச்.சி. என்ற குறி இருந்தது. வேர்ல்ட் டூர் என்ற பெயரே 2011-இலிருந்துதான். 2005 முதல் அது புரோ டூர். இன்னும் பின்னே சென்றால் 1989 முதல் 2004 வரை ஒருநாள் பந்தயங்களுக்கு உலகக் கோப்பை என்ற தனித் தொடர் இருந்தது, அதன் முதல் ஆண்டை வென்றவர் ஷான் கெல்லி. ஒரு வீரரின் வாழ்வு இந்த எல்லைகளில் ஒன்றைத் தாண்டியிருந்தால், குறியீடு மாறியதை அவருடைய தரம் மாறியதாகக் கொள்ளக் கூடாது.

குறியீடுகளுக்கெல்லாம் மேலே நிற்பவை சில பந்தயங்கள். மூன்று வாரம் நீளும் மூன்று: டூர், ஜிரோ டி இத்தாலியா, வுவெல்ட்டா. ஒருநாள் பந்தயங்களில் ஐந்து: மிலான்–சான் ரேமோ, பிளாண்டர்ஸ் சுற்று, பாரிஸ்–ரூபே, லியேஜ்–பாஸ்டோன்–லியேஜ், லொம்பார்டியா. ஓய்வுபெற்றவர்களில் இந்த ஐந்தையும் வென்றவர்கள் ரிக் வான் லோய், எடி மெர்க்ஸ், ரோஜர் டி விளாமிங்க் என்ற மூன்று பெல்ஜியர்கள் மட்டுமே. 2022-இல் ஓய்வுபெற்ற ஃபிலிப் ஜில்பேர் நான்கை வென்றார். மிலான்–சான் ரேமோ மட்டும் அவருக்குக் கிட்டவில்லை. இத்தகைய இடைவெளி ஒரு வீரரைப் பற்றி வெற்றிகளுக்குச் சமமாகப் பேசக்கூடியது. கெல்லி ஐந்தில் நான்கைத் தலா இரண்டு முறையாவது வென்றவர், பாரிஸ்–நீஸ் பந்தயத்தை 1982 முதல் 1988 வரை தொடர்ந்து ஏழு முறை வென்றவர். பிளாண்டர்ஸ் சுற்றில் மட்டும் 1984, 1986, 1987 என மூன்று முறை இரண்டாமிடம். அவர் அந்தப் பந்தயத்துக்குத் தகுதியற்றவர் என்று அந்த மூன்று வரிகள் சொல்லவில்லை. கடைசி வரை முன்வரிசையில் இருந்தார் என்பதையே சொல்கின்றன.

இரண்டாமிடங்களை இப்படி நிதானமாகப் படிக்கப் பழகிய பிறகு, ரேமோன் பூலிதோரின் பக்கத்தைத் திறந்து பாருங்கள். 1960 முதல் 1977 வரை ஓட்டியவர். டூரில் மூன்று முறை இரண்டாமிடம், ஐந்து முறை மூன்றாமிடம், மஞ்சள் ஜெர்சி ஒரு நாள்கூட இல்லை. என்றென்றும் இரண்டாமவர் என்ற பெயரே அவருக்கு நிலைத்துவிட்டது. என் பார்வையில் அது சோம்பேறித்தனமான பெயர். அவர் 1961-இல் மிலான்–சான் ரேமோவையும் 1964-இல் வுவெல்ட்டாவையும் வென்றவர்; 1964 டூரில் ஜாக் அங்கெத்திலிடம் தோற்ற இடைவெளி 55 விநாடி. முதல் மூவரில் முதன்முறை நின்ற 1962-க்கும் கடைசியாக நின்ற 1976-க்கும் இடையே பதினான்கு ஆண்டுகள் இருக்கின்றன, அப்போது அவருக்கு வயது நாற்பது. அங்கெத்திலின் காலம் முழுவதும், பிறகு மெர்க்ஸின் காலம் முழுவதும் அவர் அங்கேயே நின்றார் என்பதுதான் அந்தப் பட்டியலின் செய்தி.

அடுத்து, எண்ணே இல்லாத வரிகள். பந்தயத்தை முடிக்கவில்லை என்பதற்கு டி.என்.எஃப்., அன்று தொடங்கவேயில்லை என்பதற்கு டி.என்.எஸ்., நேர வரம்புக்குள் வரவில்லை என்பதற்கு ஓ.டி.எல். என்று குறிப்பார்கள். இவற்றை ஒரே தோல்விக் கூடையில் போடுவதுதான் புதிதாகப் படிப்பவர்கள் செய்யும் பெரிய தவறு. 1980 டூரில் பெர்னார் இனோவின் வரி ‘முடிக்கவில்லை’ என்கிறது; அவர் மஞ்சள் ஜெர்சியில் முன்னிலை வகித்தபோது முழங்கால் வலியால் விலகினார், அதே ஆண்டு சலான்ஷில் உலக வாகையர் ஆனார். 1987 வுவெல்ட்டாவில் கெல்லியும் முன்னிலையில் இருந்தபடியே, இருக்கை உரசி ஏற்பட்ட புண்ணால், முடிவுக்குச் சில நாட்களே இருந்தபோது விலகினார். மறு ஆண்டு வந்து அதையே வென்றார். எனவே ‘முடிக்கவில்லை’ என்று கண்டால் முந்தைய நாளின் மொத்த நிலவரத்தைத் திறந்து, அவர் எந்த இடத்தில் இருந்தபோது விலகினார் என்று பார்ப்பதை வழக்கமாக்கிக்கொள்ளுங்கள். நேர வரம்பு வேறு கதை: ஒவ்வொரு கட்டத்திலும் வெற்றியாளரின் நேரத்துக்கு மேல் ஒரு குறிப்பிட்ட விழுக்காட்டுக்குள் வந்து சேர வேண்டும், அது கட்டத்தின் கடினத்தைப் பொறுத்து மாறும். அதனால் மலைக் கட்டத்தில் ஓ.டி.எல். என்றிருந்தால் அவர் பெரும்பாலும் ஸ்பிரின்ட் வீரராகவோ, காயத்தோடு ஓட்டியவராகவோ இருப்பார்.

தொடங்கவே இல்லாத பந்தயங்கள் பட்டியலில் வெற்றிடமாகத்தான் தெரியும், அவற்றைத் தேடிப் பிடிக்க வேண்டும். மெர்க்ஸ் டூரை வென்ற ஆண்டுகள் 1969, 1970, 1971, 1972, 1974. இடையில் 1973-இல் யாரிடம் தோற்றார் என்று கேட்பவர்கள் உண்டு. அவர் யாரிடமும் தோற்கவில்லை; அந்த ஆண்டு டூரில் ஓட்டவே இல்லை, வசந்த காலத்தில் வுவெல்ட்டாவையும் ஜிரோவையும் அடுத்தடுத்து வென்றிருந்தார். அப்படி அடுத்தடுத்து ஓட்டியது எப்படி என்ற வியப்புக்கும் விடை நாட்காட்டியில் இருக்கிறது: வுவெல்ட்டா 1995-இல்தான் ஏப்ரல்–மே மாதங்களிலிருந்து கோடையின் இறுதிக்கு மாற்றப்பட்டது.

நீண்ட வெற்றிடங்களுக்கு இன்னும் பொறுமை வேண்டும். ஜீனோ பார்த்தாலி டூரை 1938-இலும் 1948-இலும் வென்றார். நடுவில் போர், 1940 முதல் 1946 வரை டூரே நடக்கவில்லை. காவெண்டிஷின் பக்கத்தில் 2018 பிப்ரவரிக்கும் 2021 ஏப்ரலுக்கும் நடுவே ஒரு வெற்றிகூட இல்லை. 2017-இல் அவருக்கு எப்ஸ்டைன்–பார் வைரஸ் தொற்று கண்டறியப்பட்டது, அதே ஆண்டு டூரில் விழுந்து தோள் எலும்பு முறிந்தது, 2018-இல் டூரின் மலைக் கட்டமொன்றில் நேர வரம்பைத் தவறவிட்டு வெளியேறினார், மனச்சோர்வுக்கு ஆளானதை அவரே பிற்பாடு வெளிப்படையாகப் பேசினார். 2021-இல் அணியின் முதன்மை ஸ்பிரின்ட் வீரர் சாம் பென்னட் காயமுற்றதால் கடைசி நேரத்தில் டூருக்குச் சென்று நான்கு கட்டங்களை வென்றார். நான்காவதுதான் மோர்கோவ் இரண்டாவதாக வந்த கார்கசோன். வெற்றிடத்தின் காரணத்தை அறியாமல் அந்த நான்கை எழுதினால் வெறும் எண்ணாகவே நிற்கும்.

இதுவரை வென்றவர்களைப் பற்றியே பேசினோம். பெலட்டான் எனப்படும் அந்தப் பெருங்கூட்டத்தில் பெரும்பாலோர் துணைவீரர்கள். அவர்களுடைய பக்கத்தை வாசிக்க வேறு அளவுகோல் வேண்டும். தொடங்கியவை எத்தனை, முடித்தவை எத்தனை, யாருடைய வெற்றிகளின்போது உடன் இருந்தார் என்ற மூன்றையும் எண்ணுங்கள். ஆடம் ஹான்சன் 2011 வுவெல்ட்டா முதல் 2018 ஜிரோ வரை தொடர்ச்சியாக இருபது மூன்று வாரப் பந்தயங்களைத் தொடங்கி, இருபதையும் முடித்தார். வென்ற கட்டங்கள் இரண்டே: 2013 ஜிரோவில் ஒன்று, 2014 வுவெல்ட்டாவில் ஒன்று. வெற்றிப் பக்கத்தை மட்டும் பார்ப்பவருக்கு இந்த வாழ்வின் அளவே தெரியாமல் போகும்.

இதைவிட விசித்திரமான எடுத்துக்காட்டு விம் வான்செவனன்ட். 2006, 2007, 2008 என மூன்று டூர்களில் தொடர்ந்து கடைசி இடம் பெற்றவர். இப்போது அணிப் பத்தியைத் திறந்து பாருங்கள்: 2007-இலும் 2008-இலும் அவருடைய அணித்தலைவர் கேடல் எவன்ஸ் இரண்டாமிடம் பெற்றார், ஒருமுறை 23 விநாடியிலும் மறுமுறை 58 விநாடியிலும் முதலிடத்தைத் தவறவிட்டார். கட்டத்தின் முற்பகுதியிலேயே தலைவருக்காக உழைத்துத் தீர்த்துவிட்டு, எஞ்சிய தூரத்தை வரம்பு நேரத்துக்குள் முடிக்க மட்டும் ஓட்டுபவர் எங்கே போய் நிற்பார்? ஒரே அணியில் ஒருவர் இரண்டாமிடத்திலும் இன்னொருவர் கடைசியிலும் நின்றதை அருகருகே வைத்து எழுதுபவரே இந்த விளையாட்டைப் புரிந்துகொண்டு எழுதுகிறார்.

சில வரிகளில் கோடு விழுந்திருக்கும். ஊக்கமருந்து வழக்குகளுக்குப் பிறகு நீக்கப்பட்ட முடிவுகளை எழுதும்போது, சாலையில் நடந்தது, தீர்ப்பு, பட்டம் இப்போது யாரிடம் என்ற மூன்றையும் தனித்தனியாகச் சொல்லுங்கள், ஏனெனில் எல்லா வழக்கும் ஒன்றுபோல முடிவதில்லை. லான்ஸ் ஆர்ம்ஸ்ட்ராங்கின் 1999–2005 பட்டங்கள் 2012-இல் பறிக்கப்பட்டன, அவை வேறு யாருக்கும் தரப்படவில்லை. ஆனால் 1998 ஆகஸ்டுக்கு முந்தையவை நீக்கப்படாததால் 1993 உலக வாகையர் பட்டம் அவர் பெயரில்தான் இருக்கிறது. ஆல்பர்ட்டோ கொண்டதோர் 39 விநாடி முன்னிலையில் பாரிசை அடைந்த 2010 டூர், பின்னர் ஆண்டி ஷ்லெக்குக்கு வழங்கப்பட்டது. 1996 டூரை வென்ற பியார்ன ரீஸ் 2007-இல் தாமே ஒப்புக்கொண்டபோதும் பட்டியலில் அவர் பெயர் நீடிக்கிறது. ஷ்லெக்கை 2010 வெற்றியாளர் என்று எழுதுவது சரி, அவர் பாரிசில் மேடையின் உச்சிப் படியில் நின்றார் என்று எழுதினால் தவறு.

வேறு காலத்தவர்களை ஒப்பிடும்போது, அந்தக் காலத்தில் அந்தப் போட்டி இருந்ததா என்று முதலில் பாருங்கள். தனித்தனியே கடிகாரத்தை எதிர்த்து ஓட்டும் டைம் டிரையலுக்கான உலகப் பட்டம் 1994-இல் தொடங்கியது, இனோ 1986-லேயே ஓய்வுபெற்றுவிட்டார். அவருடைய திறனை, ஐந்து முறை வென்ற கிராண்ட் பிரி தே நாசியோன் பந்தயத்தில்தான் தேட வேண்டும். தொழில்முறை வீரர்கள் ஒலிம்பிக் சாலைப் பந்தயத்தில் அனுமதிக்கப்பட்டது 1996-இலிருந்து, ஆகவே மெர்க்ஸிடம் ஒலிம்பிக் பதக்கம் இல்லாததில் வியப்பில்லை. அவர் 1964-இல் டோக்கியோவில் அமெச்சூராகப் பங்கேற்று 12-ஆவதாக வந்தார். பெண்கள் பந்தயத்தில் இந்தச் சோதனை இன்னும் அவசியம். 2008-இல் ஒலிம்பிக் தங்கத்தையும் உலகப் பட்டத்தையும் ஒரே ஆண்டில் வென்ற நிக்கோல் குக், 2013-இன் தொடக்கத்தில் ஓய்வுபெற்றார். பெண்கள் டூர் இப்போதைய வடிவில் தொடங்கியது 2022-இல். அந்த முதல் பதிப்பை வென்ற அன்னமிக் வான் ஃப்ளூட்டன் அதே ஆண்டு ஜிரோவையும், வுவெல்ட்டாவின் பெயரில் அப்போது நடந்த ஐந்து நாள் பந்தயத்தையும், உலகப் பட்டத்தையும் வென்றார். இவ்விருவரின் எண்ணிக்கைகளை ஒரே தராசில் வைக்க முடியாது.

மொத்த எண்ணிக்கையை எழுதும்போது எதை எண்ணினீர்கள் என்பதையும் எழுதுங்கள். மெர்க்ஸுக்கு 525 என்றும் 445 என்றும் இரண்டு எண்கள் புழங்குகின்றன. முதலாவது அமெச்சூர் வெற்றிகளையும் சேர்த்தது. உலகப் பட்டங்களும் அப்படியே: தொழில்முறையில் மூன்று, 1964 அமெச்சூர் பட்டத்தையும் சேர்த்தால் நான்கு. அணி டைம் டிரையல் வெற்றி அணியின் கணக்கில் போகும். டூர் முடிந்ததும் சிறு நகரங்களில் நடக்கும் கிரிட்டீரியங்கள் எனப்படும் குறுஞ்சுற்றுப் பந்தயங்களில் முடிவு பெரும்பாலும் முன்பே பேசிவைக்கப்பட்டது, பார்க்க வருபவர்களுக்கும் அது தெரியும். அவற்றை எண்ணக் கூடாது.

கடைசியாக, ஓய்வு. இனோ தம் முப்பத்திரண்டாம் பிறந்தநாளை ஒட்டி, இன்னும் வெல்லும் நிலையில் இருந்தபோதே நிறுத்திக்கொண்டார், பிறகு 2016 வரை டூரின் பரிசு மேடையில் அவரைக் காண முடிந்தது. ஹான்சன் 2023-இல் வீரர்கள் சங்கத்தின் தலைவரானார். ஓய்வுக்குப் பிந்தைய வேலையை ஒரு வாக்கியத்தில் முடிக்கலாம். ஆனால் இறுதிப் பந்தயம் எது என்பதைத் துல்லியமாகச் சொல்ல வேண்டும், அது சாலைப் பந்தயமாகவே இருக்கும் என்று கொள்ளவும் கூடாது. யென்ஸ் ஃபாய்க்ட் 43 வயது நிறைந்த மறுநாள், 2014 செப்டம்பர் 18 அன்று, கிரெங்கனின் உள்ளரங்கத் தடத்தில் ஒரு மணி நேரத்தில் 51.110 கிலோமீட்டர் ஓட்டி உலக சாதனையுடன் விடைபெற்றார். காவெண்டிஷுக்கோ இரண்டு இறுதி வெற்றிகள். 2024 ஜூலையில் சான்-வுல்பாவில் வென்ற டூர் கட்டம், மெர்க்ஸின் 34-ஐத் தாண்டிய 35-ஆவது, அதுவே அவருடைய 165-ஆவது தொழில்முறை வெற்றி. அந்த நவம்பரில் சிங்கப்பூர் கிரிட்டீரியத்திலும் முதலில் வந்து ஓய்வுபெற்றார், ஆனால் அது அந்த 165-இல் சேராது. இரண்டையும் குறிப்பிட்டு, எது கணக்கில் வருகிறது என்பதையும் அதே வரியில் எழுதிவிடுங்கள்.